ஒரு பெருவிரல் அகலம்

மழை விட்ட மறுநாள்
வாவி ஒருமுறை இருமும்.
மறுகா, கண்டல் வேர்களுக்குள்
கறுத்த கண்ணாடி ஒதுங்கிக் கிடக்கும்,
நண்டு தொடாது, நாரை மிதிக்காது.
அடியில் படுத்திருக்கும் மலை துப்பியது என்பார்கள்
படுவான்கரையில்.
எழுவான்கரையில், அது மலையல்ல,
உறக்கம் வராத அடுப்பு என்பார்கள்.
எனக்கு இரண்டும் ஒன்றுதான்.
கூலி ஒரு மரைக்கால் நெல்.

குருமண்வெளித் துறையில்
பாதை கட்டும் தூணுக்குப் பக்கத்தில் என் கொட்டில்.
வெள்ளைத் துணியால் வாய் கட்டித்தான் தொடங்குவேன்.
பக்தி என்று நினைப்பவர்கள் நினைக்கட்டும்.
மூச்சுப் பட்டால் கல்
நம் பேச்சையும் சேர்த்துக் குடித்துவிடும்.

ஆம், குடிக்கும்.
ஒரு வீட்டில் ஏழு வருடம் இருந்த கண்ணாடிக்கு
அந்த வீட்டின் வாய் முழுக்கத் தெரியும்.
விதைப்புக் கடன், பிள்ளைக்குப் பேர் வைத்த சண்டை,
காய்ச்சலில் புலம்பியது,
சீதன வீடு யாருக்கென்று
அக்காவும் தங்கச்சியும் கிழித்துக்கொண்ட இரவு,
எல்லாம் மேலே மூட்டமாய்ப் படியும்.
மூட்டம் தடித்தால் கல் சுடும்.
கல் சுட்டால் கூரையில் தீப் பிடிக்கும்.
அதனால்தான் நான்.

முதலில் திருக்கைத் தோல், ஈரமாய்.
கோபம் அதற்குத்தான் வரும், செதில் செதிலாக.
முருகைக்கல் பொடிக்குப் பொய் வரும்.
உதுமாலெப்பை ஆலையில் அள்ளித் தரும் உமிச்சாம்பலுக்கு
மிச்சமெல்லாம் வரும்,
அழுகை மட்டும் வராது.
அழுகைக்கு உள்ளங்கை.
கழுவிய சேற்றைச் சிரட்டையில் ஏந்தி
விடியுமுன் வாவியில் விட வேண்டும்.
மீன்கள் தின்னும். தின்றுவிட்டு
நிலவில் எதையோ முணுமுணுக்கும்.
அதைக் கேட்க வெளியூரார் வள்ளத்தில் வருகிறார்கள்,
காசு கொடுத்து.

வைகாசியில் மகிழ்வதனி வந்தாள்,
களுவாஞ்சிக்குடி பஸ்ஸில்,
கண்ணாடியைத் துவாயில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டு.
துவாய் பொசுங்கியிருந்தது.
"எல்லாத்தையும் தேயுங்க கா.
இந்த மூலைய மட்டும் விடுங்க."

ஒண்ணாது என்று
கட்டிய வாயோடு தலையாட்டினேன்.
"அவர் சொன்னது எண்டா அழிச்சிருவன்.
இது நான் சொன்னது.
அவர் படலையத் திறக்கக்குள்ள."
அதற்குப் பிறகு அவர் வந்தாரா என்று
அவள் சொல்லவில்லை.
திருக்கைத் தோல் சொன்னது.

மூன்று இரவு தேய்த்தேன்.
மூலையைச் சுற்றிப் போகையில்
விரல் அந்தச் சொல்லில் இடறியது.
என்ன சொல் என்று கேட்காதீர்கள்.
சின்னச் சொல். சந்தையில் மீன் விலை படியாதபோது
எல்லோரும் சொல்வது.
ஒரு பெருவிரல் அகலம்.
சாம்பல் எடுத்தேன். வைத்தேன். மறுபடி எடுத்தேன்.
முதல் தடவையாக ஒரு வேலையை
முடிக்காமல் முடித்தேன்.

நெல்லை வாங்கவில்லை.
மறுகா எத்தனை இரவு
வாவிக் காற்றில் புகை மணந்தது.
யார் எதற்குக் கத்தினாலும்
களுவாஞ்சிக்குடிப் பக்கம் கிறுகிப் பார்த்தேன்.
வானம் கறுப்பாகவே இருந்தது.
அதுவும் எனக்கு நிம்மதியாய் இல்லை.

ஆனி பிறந்த பிறகு வந்தாள்.
கையில் பானை, மேலே வாழையிலை.
"விறகு வாங்கிறத விட்டுட்டன் கா.
கண்ணாடியைப் படுக்கப் போட்டு
அந்த மூலையில பானைய வச்சா
அரை மணித்தியாலத்தில வெந்திரும்.
கோவம் வாற நாள் இன்னும் கெதியா."
சிரித்தாளா, தெரியவில்லை.
இலையைத் தூக்கியதும் எழுந்த ஆவி
எங்களுக்கு நடுவே நின்றது.

வாய்த்துணியை அவிழ்த்தேன்.
கறி இல்லை, உப்பும் குறைவு.
அடியில் ஓரிடத்தில் மட்டும்,
ஒரு பெருவிரல் அகலத்துக்கு,
கருகியிருந்தது.
பாதை அக்கரைக்குப் போய்க் கிறுகி வரும்வரை இருந்து
அதையும் சுரண்டித் தின்றோம்.